எரோல் மாரிஸின் நேர்காணல் படங்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் எரோல் மாரிஸ், போர் நடத்திய அமைச்சர்களையும் தேர்தல் வியூகக்காரர்களையும் விஞ்ஞானிகளையும் எழுத்தாளர்களையும் கேமரா முன் உட்காரவைத்து, மணிக்கணக்கில் பேசவிட்டுப் படமாக்குபவர். அந்தப் படங்களை முதல்முறை பார்க்கிறவர்கள் கேட்கும் கேள்விகள் ஏறக்குறைய ஒரே மாதிரி இருக்கின்றன. சிலவற்றில் கோபமும் இருக்கும்: "இந்த ஆளை ஏன் இவ்வளவு நேரம் பேசவிட்டார்?" அந்தக் கோபத்துக்கும் சேர்த்தே இங்கே பதில் சொல்லப் பார்க்கிறேன்.

யார் இந்த எரோல் மாரிஸ்?

1948-ல் நியூயார்க் மாநிலத்தில், லாங் ஐலண்டில் பிறந்தவர். இரண்டு வயதில் தந்தையை இழந்தவரை இசை ஆசிரியையான தாய் வளர்த்தார். விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் வரலாறு படித்தார். முதல் படம் 1978-ல் வந்தது. 'தி ஃபாக் ஆஃப் வார்' படத்துக்காக 2004-ல் ஆஸ்கர் வாங்கினார். எண்பதை நெருங்கும் வயதிலும் ஓயவில்லை; 2024-லும் 2025-லும் புதுப் படங்கள் வந்தன.

சினிமாவுக்கு எப்படி வந்தார்?

சுற்றி வளைத்துத்தான் வந்தார். பிரின்ஸ்டன் பல்கலைக்கழகத்துக்கு அறிவியல் வரலாறு படிக்கப் போனார். அங்கே ஆசிரியர் தாமஸ் கூன், அறிவியல் புரட்சிகளைப் பற்றி எழுதி உலகப் புகழ் பெற்றவர். ஒரு காலத்து அறிவியலை இன்னொரு காலத்தின் அளவுகோலால் அளக்க முடியாது என்பது கூனின் வாதம். அப்படியானால் பழைய அறிவியலின் வரலாற்றை உங்களால் மட்டும் எப்படி எழுத முடிகிறது என்று மாணவர் கேட்டார். வாக்குவாதம் முற்றியதும் கூன் சாம்பல் கிண்ணத்தைத் தூக்கித் தன் மீது எறிந்தார் என்கிறார் மாரிஸ். அந்தச் சண்டையைப் பற்றி 2018-ல் ஒரு புத்தகமே எழுதினார் என்றால், ஆள் எளிதில் விட்டுக்கொடுக்கிறவர் இல்லை என்பது புரியும். என்ன நடந்தது என்பதற்கு விடை உண்டு, தேடினால் கிடைக்கும், அது பார்ப்பவரின் விருப்பப்படி மாறாது என்பது அவருடைய பிடிவாதம். அவருடைய எல்லாப் படங்களுக்கும் அடியில் இது இருக்கிறது.

பிறகு பிரின்ஸ்டனை விட்டு, கலிஃபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் தத்துவம் படித்தார். அதுவும் பாதியில் நின்றது. அங்கே இருந்த திரைப்படக் காப்பகத்தில் பழி கிடந்து படம் பார்த்தார். விஸ்கான்சினுக்குத் திரும்பி, டேப் ரெக்கார்டரோடு கொலைகாரர்களைத் தேடிப் போய்ப் பேட்டி எடுத்தார். அப்போது தனக்குத்தானே ஒரு விளையாட்டு வைத்துக்கொண்டாராம்: டேப்பைத் திருப்பிப் போட்டுக் கேட்கும்போது தன் குரல் எவ்வளவு குறைவாக இருக்கிறதோ, அந்த அளவுக்கு வெற்றி.

முதல் படமான 'கேட்ஸ் ஆஃப் ஹெவன்' கலிஃபோர்னியாவில் வளர்ப்புப் பிராணிகளைப் புதைக்கும் இடுகாடுகளைப் பற்றியது. இந்தப் படத்தை நீ முடித்துவிட்டால் என் ஷூவையே தின்கிறேன் என்று ஜெர்மானிய இயக்குநர் வெர்னர் ஹெர்சாக் சவால் விட்டார். படம் முடிந்தது. ஹெர்சாக்கும் சொன்ன சொல் தவறாமல் ஷூவை வேகவைத்துத் தின்றார்; அதையும் லெஸ் பிளாங்க் என்ற இயக்குநர் படம் பிடித்துவைத்திருக்கிறார். புகழ் வந்ததே தவிரப் பணம் வரவில்லை. 1980-களில் மாரிஸ் நியூயார்க்கில் தனியார் துப்பறிவாளராக வேலை பார்த்துப் பிழைத்தார்.

பேசுகிறவர் நம் கண்ணையே பார்ப்பதுபோல் இருக்கிறதே, எப்படி?

வழக்கமான பேட்டியில் கேள்வி கேட்பவர் கேமராவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருப்பார். பதில் சொல்பவரின் பார்வை அவர் பக்கம் போகும். நாம் இரண்டு பேருக்கு நடுவே நடக்கும் பேச்சை ஓரமாக நின்று ஒட்டுக்கேட்கிறோம். மாரிஸ் தொடக்கத்தில் தன் தலையை லென்ஸோடு ஒட்டிவைத்துப் பார்த்தார். அப்போதும் பார்வை சற்று விலகியே இருந்தது.

டெலிப்ராம்ப்டரை எல்லோருக்கும் தெரியும். செய்தி வாசிப்பவர் லென்ஸைப் பார்த்தபடியே எழுத்துகளைப் படிக்க உதவும் கருவி. லென்ஸுக்கு முன்னால் சாய்வாக ஒரு கண்ணாடி. அதில் எழுத்து தெரியும், பின்னால் இருக்கும் கேமராவுக்கு அது தெரியாது. மாரிஸ் இதில் இரண்டை எடுத்துக்கொண்டார். எழுத்துக்குப் பதிலாக முகத்தைக் காட்டினார். எதிரே இருப்பவருக்கு லென்ஸின் மேல் மாரிஸின் முகம் தெரியும். மாரிஸுக்குத் தன் பக்கத்துக் கேமராவின் லென்ஸ் மேல் எதிரே இருப்பவரின் முகம் தெரியும். இருவரும் ஒருவரை ஒருவர் கண்ணுக்குக் கண் பார்த்துப் பேசும்போது, இருவருமே லென்ஸைத்தான் பார்த்துக்கொண்டிருப்பார்கள். இதற்கு 'இன்டர்ரோட்ரான்' என்று பெயர் வைத்தவர் அவருடைய மனைவி. 1997-ல் வந்த 'ஃபாஸ்ட், சீப் அண்ட் அவுட் ஆஃப் கன்ட்ரோல்' படத்தில் இதைப் பயன்படுத்தினார். சிங்கத்தைப் பழக்குகிறவர், செடிகளை விலங்கு வடிவில் வெட்டும் தோட்டக்காரர், மண்ணுக்குள் வாழும் ரோமமில்லாத எலிகளை ஆராய்பவர், ரோபோ விஞ்ஞானி என்று நான்கு பேரைப் பற்றிய படம் அது.

இதில் வேடிக்கை என்னவென்றால், நடுவில் இவ்வளவு இயந்திரம் இருந்தும் பேசுகிறவர்கள் கூச்சம் விட்டுப் பேசுகிறார்கள். எதிரில் உடம்போடு ஓர் ஆள் இல்லை. திரையில் ஒரு முகம் மட்டும் இருக்கிறது. அந்த முகம் அவசரப்படுவதில்லை, கைக்கடிகாரத்தைப் பார்ப்பதில்லை. இந்தக் கருவியை ஒரு வித்தை என்று ஒதுக்குகிறவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஒருவர் நம் கண்ணைப் பார்த்து ஒன்றைச் சொல்லிவிட்டு, அடுத்த நொடி பார்வையை எங்கே கொண்டுபோகிறார் என்பது ஓரத்தில் உட்கார்ந்தால் தெரியாது.

அவர் கேள்வியே கேட்பதில்லையா? ஏன் மடக்குவதில்லை?

கேட்கிறார். பெரும்பாலான கேள்விகளைப் படத்தொகுப்பில் வெட்டிவிடுகிறார். அங்கங்கே சில கேள்விகள் மட்டும் உரத்த குரலில், யாரோ பக்கத்து அறையிலிருந்து கத்துவதுபோல் கேட்கும்.

மடக்குவது பற்றி: தொலைக்காட்சி விவாதங்களைப் பார்த்துப் பழகிய நமக்கு, நெறியாளர் இடைமறித்தால்தான் பேட்டி சூடாக இருப்பதாகத் தோன்றும். ஆனால் முப்பது நாற்பது ஆண்டுகள் பொதுவாழ்வில் இருந்தவருக்கு இடைமறிக்கும் கேள்விதான் மிக எளிது. அதற்கான பதிலை ஆயிரம் மேடையில் சொல்லிப் பழகியிருப்பார். குறுக்கே யாரும் வராமல் விட்டால்தான் அவருக்குத் திண்டாட்டம். பழகிய பதில் பத்து நிமிடத்தில் தீர்ந்துவிடும். அதற்குப் பிறகும் கேமரா ஓடிக்கொண்டிருக்கும்.

'தி ஃபாக் ஆஃப் வார்' எதைப் பற்றியது?

ராபர்ட் மக்நமாரா. ஃபோர்டு கார் நிறுவனத்தின் தலைவராக இருந்தவர். கென்னடி, ஜான்சன் என்ற இரு அதிபர்களிடம் 1961 முதல் 1968 வரை பாதுகாப்பு அமைச்சர். வியட்நாம் போரை அமெரிக்கா பெரிதாக்கியது அவர் காலத்தில்தான். பிறகு 1981 வரை உலக வங்கித் தலைவர். வியட்நாமில் நாங்கள் செய்தது தவறு என்று 1995-ல் நினைவுக் குறிப்பு எழுதினார். மாரிஸ் அவரை முதலில் பேட்டி கண்டது 2001 மே மாதத்தில். அப்போது அவருக்கு 84 வயது. தொலைக்காட்சித் தொடருக்கான சின்னப் பேட்டி என்று தொடங்கியது, வளர்ந்து 20 மணி நேரத்துக்கும் மேற்பட்ட பதிவாகிவிட்டது.

படத்தின் தொடக்கத்தைக் கவனியுங்கள். ஒலி அளவு சரியா என்று மக்நமாராவே விசாரிக்கிறார். பிறகு, விட்ட வாக்கியம் எனக்கு நினைவிருக்கிறது, முதலிலிருந்து சொல்லத் தேவையில்லை, நீங்கள் ஒட்டிக்கொள்ளலாம் என்று இயக்குநருக்கே படத்தொகுப்பு சொல்லிக்கொடுக்கிறார். எந்த வாக்கியத்தையும் நழுவவிடாத மனிதர் என்பதை வேறு எப்படி அறிமுகப்படுத்த முடியும்?

இந்தப் படத்தை வியட்நாமுக்காகப் பார்க்க உட்கார்ந்தவர்கள் அதிர்ந்துபோவது ஜப்பானில். இரண்டாம் உலகப் போரில் மக்நமாரா ஒரு புள்ளிவிவர அதிகாரி. ஜெனரல் கர்டிஸ் லெமேயின் கீழ் இருந்தார். 1945 மார்ச் மாதம் ஒரே இரவில் டோக்கியோவில் தீக்குண்டு போட்டு ஏறக்குறைய 1,00,000 பேரைக் கொன்றார்கள். அதைப் பற்றிப் பேசும்போது, நாம் தோற்றிருந்தால் போர்க்குற்றவாளிகளாக நிறுத்தப்பட்டிருப்போம் என்று லெமே சொன்னதை நினைவுபடுத்தி, அவர் சொன்னது சரிதான் என்கிறார். தோற்றால் குற்றம், வென்றால் இல்லை என்பது எப்படி நியாயமாகும் என்று அவரே கேட்கிறார். விமானத்திலிருந்து குண்டுகளுக்குப் பதிலாக எண்கள் விழும் காட்சி இங்கே வருகிறது. கணக்குப் பார்த்தே வாழ்ந்த மனிதருக்குப் பொருத்தமான படிமம். இன்னும் கொஞ்சம் குறைவாகக் காட்டியிருக்கலாம் என்பது என் எண்ணம்.

அவர் கண் கலங்குவது எங்கே என்று பாருங்கள். கென்னடிக்கு ஆர்லிங்டன் கல்லறைத் தோட்டத்தில் இடம் தேர்ந்தெடுத்ததைச் சொல்லும்போது குரல் உடைகிறது. டோக்கியோவைச் சொல்லும்போது உடையவில்லை. வியட்நாமியர்கள் பத்து லட்சக்கணக்கில் செத்ததைச் சொல்லும்போதும் உடையவில்லை. மாரிஸ் இதைச் சுட்டிக்காட்டுவதில்லை. இரண்டையும் ஒரே படத்தில் வைத்ததோடு சரி.

1995-ல் ஹனோய்க்குப் போய், பழைய எதிரிகளோடு சாப்பாட்டு மேசையில் ஏறக்குறைய கைகலப்பு வரை போனதையும் சொல்கிறார். நீங்கள் வரலாற்றுப் புத்தகமே படித்ததில்லையா, சீனாவோடு ஆயிரம் ஆண்டுகள் போராடிய எங்களைச் சீனாவின் கையாள் என்று நினைத்தீர்களே என்று வியட்நாம் முன்னாள் வெளியுறவு அமைச்சர் கேட்டாராம்.

கடைசியில், பதவி விலகிய பிறகும் போரை எதிர்த்து ஏன் வாய் திறக்கவில்லை என்று மாரிஸ் கேட்கிறார். இதற்குமேல் பேசப் போவதில்லை என்று மக்நமாரா முடித்துக்கொள்கிறார். பேசினாலும் திட்டு, பேசாவிட்டாலும் திட்டு. பேசாமலே திட்டு வாங்கிக்கொள்கிறேன் என்பதுதான் அவர் நிலை. அவர் காரை ஓட்டிக்கொண்டு போகும் படங்களின் மேல் இந்த உரையாடல் ஒலிக்கிறது.

நம் ஊர்க்காரர்களுக்கு இந்தப் படத்தில் ஒரு குறை உண்டு. உலக வங்கிக் காலத்தை மாரிஸ் ஏறக்குறைய தொடவே இல்லை. மக்நமாரா தலைவராக இருந்தபோதுதான் 1977-ல் உலக வங்கிக் கடனில் சென்னை நகர்ப்புற வளர்ச்சித் திட்டம் தொடங்கியது. அரும்பாக்கத்திலும் வில்லிவாக்கத்திலும் சிறு மனைகளைப் பிரித்து, தண்ணீரும் சாக்கடையும் கொடுத்து, வீட்டை நீங்களே கட்டிக்கொள்ளுங்கள் என்று ஏழைகளுக்குக் கொடுத்த திட்டம் அதன் ஒரு பகுதி. குண்டைக் கணக்குப் போட்டவர் வறுமையை எப்படிக் கணக்குப் போட்டார் என்பதும் கேட்கப்பட்டிருக்க வேண்டிய கேள்வி. அந்த 13 ஆண்டுகள் படத்தில் ஒரு வரிக்கு மேல் இல்லை.

அந்தப் படத்தில் வரும் 11 பாடங்கள் மக்நமாரா சொன்னவையா?

அவர் பேச்சிலிருந்து மாரிஸ் பிரித்தெடுத்துத் தலைப்பிட்டவை. மக்நமாராவுக்கு அதில் முழுச் சம்மதம் இல்லை. தன் பாடங்களைத் தனியாக எழுதிக் கொடுத்தார், அவை டிவிடியில் சேர்க்கப்பட்டன. தலைப்புகளை மேலாண்மைப் பயிற்சி வகுப்பின் குறிப்புகள் போல மனப்பாடம் செய்கிறவர்கள் இருக்கிறார்கள். அவற்றில் சில ஒன்றோடொன்று மோதுவதைக் கவனித்தால் அந்த ஆசை போய்விடும். பகுத்தறிவு நம்மைக் காப்பாற்றாது என்பது ஒன்று. தகவலைத் திரட்டு என்பது இன்னொன்று.

ரம்ஸ்ஃபெல்டைப் பற்றிய படம் ஏன் பலருக்கு ஏமாற்றமாக இருந்தது?

டொனால்ட் ரம்ஸ்ஃபெல்ட், 2001 முதல் 2006 வரை ஜார்ஜ் புஷ்ஷின் பாதுகாப்பு அமைச்சர். ஈராக் போரை நடத்தியவர். 1970-களில் ஜெரால்டு ஃபோர்டு அதிபராக இருந்தபோதும் அதே பதவியில் இருந்தார். 2013-ல் வந்த 'தி அன்நோன் நோன்' அவரைப் பற்றியது. 33 மணி நேரம் பேட்டி எடுத்திருக்கிறார் மாரிஸ்.

இன்னொரு மக்நமாராவை எதிர்பார்த்துப் போனவர்களுக்கு ஏமாற்றம்தான். ரம்ஸ்ஃபெல்ட் கலங்குவதில்லை, வருந்துவதில்லை, சிரிக்கிறார். ஒவ்வொரு பதிலையும் முடித்துவிட்டு, பாராட்டு எங்கே என்று கேட்பதுபோல் ஒரு சிரிப்பு. பதவியில் இருந்த காலமெல்லாம் ஆயிரக்கணக்கில் எழுதித் தள்ளிய குறிப்புகளைத் தானே வாசிக்கிறார். அலுவலகத்தில் அவற்றைப் பனித்துகள்கள் என்பார்களாம். சொற்களுக்கு அகராதிப் பொருள் தேடுகிறார். பேச்சு சுற்றிச் சுற்றி எங்கேயோ போய்விடுகிறது.

ஒரே ஓர் இடத்தைச் சொல்கிறேன். அமெரிக்காவின் குவான்டனாமோ சிறையில் அனுமதிக்கப்பட்ட விசாரணை முறைகள் ஈராக் சிறைகளுக்கும் பரவினவா என்று கேட்டதற்கு, அப்படியெல்லாம் இல்லை என்று ஒரேயடியாக மறுக்கிறார். அவை பரவின என்று சொல்லும் அரசு விசாரணை அறிக்கையின் வரிகளை மாரிஸ் படித்துக் காட்டுகிறார். உடனே, ஆமாம், அது நியாயமான கருத்துதான் என்று ஒப்புக்கொள்கிறார். முகத்தில் சிறு சலனம்கூட இல்லை. முன்னே சொன்னதும் பின்னே சொன்னதும் முரண் என்பதே அவருக்கு உறைக்கவில்லை. தொலைக்காட்சி நெறியாளராக இருந்தால் இங்கே வெற்றிக் குரல் எழுப்பியிருப்பார். அந்தச் சத்தத்தில் அந்த அமைதியான முகத்தை நாம் கவனித்திருக்க மாட்டோம்.

எதற்காக என்னிடம் பேசச் சம்மதித்தீர்கள் என்பது மாரிஸின் கடைசிக் கேள்வி. பொல்லாத கேள்வி இது, எனக்கே தெரியவில்லை என்கிறார் ரம்ஸ்ஃபெல்ட். மறுபடியும் சிரிப்பு. மாரிஸ் அந்தச் சிரிப்பின் குழப்பத்திலிருந்து மீள முடியாமல் 2014-ல் நியூயார்க் டைம்ஸில் நான்கு பகுதிகளாகக் கட்டுரை எழுதினார். படம் எதையும் வெளிக்கொண்டுவரவில்லை என்று விமர்சகர்கள் சிலர் எழுதினார்கள். எனக்கு மக்நமாரா படத்தைவிட இதுதான் அச்சம் தருகிறது. உள்ளே ஏதோ ஒளிந்திருக்கிறது, கிளறினால் வரும் என்று நாம் நம்புகிறோம். கிளறிய பிறகும் ஒன்றும் வராமல் போவதைப் பார்க்க நமக்குப் பிடிக்கவில்லை.

ஸ்டீவ் பேனன் போன்றவருக்கு மேடை கொடுக்கலாமா?

மாரிஸ் வாங்கிய அடிகளில் பெரிது இதுதான். டொனால்ட் டிரம்பின் 2016 தேர்தல் பிரசாரத்தை நடத்தியவர் பேனன். அவரைப் பற்றிய 'அமெரிக்கன் தர்மா' 2018 செப்டம்பரில் வெனிஸ் விழாவில் திரையிடப்பட்டது. அதே நாட்களில் நியூயார்க்கர் பத்திரிகை தன் விழாவுக்கு பேனனை அழைத்து, எதிர்ப்புக் கிளம்பியதும் அழைப்பைத் திரும்பப் பெற்றது. அந்தச் சூட்டில் படத்தைத் தொட விநியோகஸ்தர்கள் தயங்கினார்கள். அமெரிக்கத் திரையரங்குக்கு வர ஓராண்டுக்கும் மேல் ஆனது.

பேனன் ஒரு காலத்தில் தானே ஆவணப்படங்கள் எடுத்தவர். அதற்குத் தூண்டுதலே 'தி ஃபாக் ஆஃப் வார்'தான் என்று சொல்லியிருக்கிறார். மாரிஸுக்கு அது எப்படி இருந்திருக்கும்! இந்தப் படத்தில் இருவரும் மேசைக்கு எதிரெதிரே உட்கார்ந்து பேசுகிறார்கள். இடம், பேனனுக்குப் பிடித்த ஒரு பழைய போர்ப்படத்தில் வரும் தகரக் கொட்டகையைப் போலவே அமைக்கப்பட்ட செட். கடைசியில் அது எரிகிறது.

என் தீர்ப்பு கலவையானது. பேசவிட்டது தவறு என்று நான் நினைக்கவில்லை. அவர் பேச்சு கேட்காத காதே அன்றைய அமெரிக்காவில் இல்லை. தவறு செட்டில் இருக்கிறது. தன்னைக் கதாநாயகனாகவே நினைத்துக்கொண்டிருக்கும் ஒருவருக்கு, அவர் விரும்பும் படத்தின் கொட்டகையையே கட்டிக்கொடுத்து நடக்கவிட்டால் அவர் நடிக்கத்தான் செய்வார். ரம்ஸ்ஃபெல்டுக்குக் கிடைத்த வெற்றுப் பின்னணி பேனனுக்கும் கிடைத்திருக்க வேண்டும். ஆனாலும் ஷேக்ஸ்பியரின் ஃபால்ஸ்டாஃப் பாத்திரத்தை வைத்து இயக்குநர் ஆர்சன் வெல்ஸ் எடுத்த படத்தைப் பற்றி இருவரும் பேசும் பகுதி அருமை. அரசனான இளவரசன் தன் பழைய தோழன் ஃபால்ஸ்டாஃபைத் துரத்திவிடுவதை மாரிஸ் துரோகமாகப் பார்க்கிறார். அதுதான் இயல்பு, ஃபால்ஸ்டாஃபே அதை ஏற்றுக்கொள்கிறார் என்கிறார் பேனன். அரசியல் கேள்வி எதுவும் இவ்வளவு காட்டிக்கொடுக்கவில்லை.

ஒருவரை மட்டுமே பேசவிட்டால், பார்ப்பவர்கள் அப்படியே நம்பிவிட மாட்டார்களா?

நம்பிவிட்டார்கள். மாரிஸுக்கே அது நடந்தது. ஃபிரெட் லூக்டர் என்பவர் மரண தண்டனைக்கான மின்சார நாற்காலிகளைச் செப்பனிட்டுக் கொடுத்தவர். நாஜிப் படுகொலையை மறுத்து வழக்கில் சிக்கிய ஒருவருக்காக 1988-ல் ஆஷ்விட்ஸ் வதைமுகாமுக்குப் போய், சுவர்களைச் சுரண்டிக் கற்களை எடுத்துவந்து, இங்கே நச்சுவாயு அறைகளே இருந்ததில்லை என்று அறிக்கை கொடுத்தார். இவரைப் பற்றியது 1999-ல் வந்த 'மிஸ்டர் டெத்'. லூக்டர் மட்டுமே பேசும் முதல் வடிவத்தை ஹார்வர்டு மாணவர்களுக்குப் போட்டுக் காட்டினார் மாரிஸ். சிலர் லூக்டர் சொல்வதை நம்பினார்கள். சிலர், மாரிஸே அதை நம்புகிறார் போலும் என்று நினைத்தார்கள். மாரிஸ் ஒரு யூதர். அவருக்கு எப்படி இருந்திருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை.

படத்தைப் பிரித்து மறுபடி தொகுத்தார். வரலாற்று ஆய்வாளர் ராபர்ட் யான் வான் பெல்ட் ஆவணங்களை எடுத்துக் காட்டுகிறார். கற்களைச் சோதித்த வேதியியலாளரும் வருகிறார்: நச்சுவாயுவில் இருந்த சயனைடு சுவரின் மேற்பரப்பில் நுண்ணிய படலமாகத்தான் படியும், கல்லை உடைத்துத் தூளாக்கிச் சோதித்தால் அது கலந்து மறைந்துவிடும், எங்கிருந்து வந்த கல் என்று எனக்கு யாரும் சொல்லவில்லை என்கிறார். அதோடு லூக்டரின் வாதம் சரிந்துவிடுகிறது. ஆனால் லூக்டர் தொடர்ந்து பேசிக்கொண்டிருக்கிறார், தன்மேல் துளி சந்தேகம் இல்லாமல்.

அவருடைய படம் ஒருவரைச் சிறையிலிருந்து விடுவித்தது உண்மையா?

உண்மை. 1976 நவம்பரில் டல்லஸ் நகரில் ஒரு போலீஸ்காரர் சுட்டுக் கொல்லப்பட்டார். ராண்டல் டேல் ஆடம்ஸ் என்பவருக்கு மரண தண்டனை. 1980-ல் உச்ச நீதிமன்றம் தலையிட்ட பிறகு அது ஆயுளானது. மாரிஸ் டெக்சாஸுக்குப் போனது வேறு காரியமாக. இவன் வெளியே வந்தால் மறுபடி கொல்வான் என்று வழக்குக்கு வழக்கு சாட்சி சொல்லிப் பலருக்கு மரண தண்டனை வாங்கித்தந்த மனநல மருத்துவரைப் பற்றிப் படம் எடுக்கப் போனார். அந்த மருத்துவரின் சாட்சியால் தண்டிக்கப்பட்டவர்களில் ஒருவர் ஆடம்ஸ். துப்பறிவாளர் வேலை இங்கே கை கொடுத்தது. சாட்சிகளை ஒவ்வொருவராகத் தேடிப் பேசவிட்டார். பேசப் பேசப் பொய் தானாக அவிழ்ந்தது.

உண்மையில் சுட்டவர் என்று படம் காட்டும் டேவிட் ஹாரிஸ், வேறொரு கொலைக்காகச் சிறையில் இருந்தார். அவரைச் சந்தித்த கடைசி நாளில் கேமரா பழுதாகிவிட்டது. வெறும் டேப் ரெக்கார்டரில் பதிவானது பேச்சு. அதில்தான், ஆடம்ஸ் நிரபராதி என்று எனக்குத் தெரியும் என்ற பொருளில் ஹாரிஸ் பேசுகிறார். அதனால் படத்தின் முக்கியமான நிமிடங்களில் திரையில் ஓடுவது ஒரு சின்ன டேப் ரெக்கார்டரின் அண்மைக் காட்சி. 'தி தின் ப்ளூ லைன்' 1988-ல் வெளிவந்தது. ஆடம்ஸ் 1989 மார்ச்சில் வெளியே வந்தார். பிறகு தன் வாழ்க்கைக் கதையின் உரிமைக்காக மாரிஸ் மீதே வழக்குப் போட்டார், சமரசத்தில் முடிந்தது. விடுதலை வாங்கிக்கொடுத்தவர் மீதா என்று அதிர வேண்டாம். பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் சிறையில் தொலைத்தவருக்கு மிஞ்சிய சொத்து அந்தக் கதைதான்.

நடித்துக் காட்டும் காட்சிகள் ஆவணப்படத்தில் இருக்கலாமா?

'தி தின் ப்ளூ லைன்' படத்தில் கொலையை நடித்துக் காட்டும் காட்சிகள் உண்டு. அதற்கு ஆஸ்கர் பரிந்துரைகூடக் கிடைக்காமல் போனபோது பலர் சுட்டிய காரணம் அதுதான். ஆனால் மாரிஸ் நடித்துக் காட்டுவது நடந்ததை அல்ல. சாட்சிகள் நடந்ததாகச் சொன்னதை. ஒவ்வொரு சாட்சிக்கும் ஒரு வடிவம். ஒன்றில் காருக்குள் ஒருவர், இன்னொன்றில் இருவர். எல்லாம் ஒருசேர உண்மையாக இருக்க முடியாது என்பதை நாமே கண்ணால் பார்த்துவிடுகிறோம். கேமராவைக் கையில் வைத்து ஆட்டிக்கொண்டே எடுத்தால் உண்மை வந்துவிடும் என்ற நம்பிக்கை அவருக்கு இல்லை. சரியான வாதம் என்றே நினைக்கிறேன். இன்று தொலைக்காட்சிக் குற்றத்தொடர்கள் அதே காட்சிகளை மலிவாகப் போட்டு நிரப்புவதற்கு அவரைக் குறை சொல்ல முடியாது.

பேட்டி கொடுப்பவர்களுக்குப் பணம் உண்டா?

ஈராக்கின் அபு கிரைப் சிறையில் அமெரிக்கப் படையினர் கைதிகளை வதைத்ததைக் காட்டும் புகைப்படங்களைப் பற்றிய 'ஸ்டாண்டர்ட் ஆபரேட்டிங் ப்ரொசீஜர்' 2008-ல் வந்தபோது, சிலருக்குப் பணம் கொடுத்ததை மாரிஸ் ஒப்புக்கொண்டார். அதைப் படத்திலேயே சொல்லியிருக்க வேண்டும்.

விளம்பரங்களும் எடுக்கிறாராமே?

நிறைய. ஆப்பிள் நிறுவனத்துக்கு 2002-ல் எடுத்த, வெள்ளைப் பின்னணியில் சாதாரண மக்கள் நம்மைப் பார்த்துப் பேசும் விளம்பரங்கள் புகழ்பெற்றவை. படங்கள் சோறு போடாத ஆண்டுகளில் விளம்பரம் போட்டது.

பேச முடியாத ஸ்டீஃபன் ஹாக்கிங்கை எப்படிப் பேட்டி எடுத்தார்?

ஹாக்கிங்கின் அலுவலகத்தை அப்படியே ஸ்டுடியோவில் கட்டிவைத்து எடுத்தார். குரல் கணினியிலிருந்து வருவது, உதடு அசையாது. அதனால் முகத்தையும் குரலையும் ஒட்டவைக்கும் கவலையே இல்லை. சக்கர நாற்காலியின் ஒரு பகுதி, கண்ணாடியில் தெரியும் திரை, விரல் என்று துண்டு துண்டாகக் காட்டிக்கொண்டு போகிறார். தாயும் உடன் படித்தவர்களும் பேசுகிறார்கள். 1991-ல் வந்த இந்தப் படத்தில் பிரபஞ்சத்தைவிட எனக்கு நினைவில் நிற்பது, நோய் வருவதற்கு முன்பு அவர் எவ்வளவு சோம்பேறி மாணவராக இருந்தார் என்று நண்பர்கள் சொல்வதுதான்.

பேட்டி எடுப்பவரையே யாராவது மடக்கியிருக்கிறார்களா?

உளவு நாவல்கள் எழுதிய ஜான் லெ காரே. இயற்பெயர் டேவிட் கார்ன்வெல். பிரிட்டிஷ் உளவுத்துறையில் வேலை பார்த்தவர். 2023-ல் வெளிவந்த 'தி பிஜன் டனல்' படத்துக்காக 2019-ல் பேசினார். 2020 டிசம்பரில் இறந்துவிட்டார். பேட்டி தொடங்கும்போதே, நீங்கள் யார், எதற்காகக் கேட்கிறீர்கள் என்று தெரிந்துகொள்ள வேண்டும் என்று ஆரம்பிக்கிறார். ஆட்களை விசாரிப்பதே தொழிலாக இருந்தவர் அல்லவா. அப்பா ரோனி ஊரை ஏமாற்றிப் பிழைத்த மோசடிக்காரர். அவரைப் பற்றிப் பேசும்போது வெறுப்பும் ஒரு திருட்டுப் பெருமையும் கலந்து வருகின்றன. மாரிஸின் படங்களில் சம பலம் கொண்ட இருவர் எதிரெதிரே உட்கார்ந்தது இதில்தான். அதனாலேயே யாரும் தோற்கவில்லை. கொஞ்சம் அதிக நாகரிகமாகவே முடிந்துவிடுகிறது.

எதிலிருந்து தொடங்கலாம்?

'தி தின் ப்ளூ லைன்'. துப்பறியும் கதையாகவே பார்க்கலாம், முன்னறிவு எதுவும் வேண்டாம். ஃபிலிப் கிளாஸின் இசைக்காகவும் பார்க்கலாம். பிறகு மக்நமாரா, ரம்ஸ்ஃபெல்ட் படங்களை அடுத்தடுத்த நாட்களில். இடையே நாள் விட்டால் இரண்டு முகங்களையும் ஒப்பிடும் சுவை போய்விடும். பேனனைக் கடைசியில் வைத்துக்கொள்ளுங்கள்.

அந்தக் கருவி இல்லாமல் நாங்கள் இப்படி ஒரு படம் எடுக்க முடியுமா?

முடியும். டெலிப்ராம்ப்டர் வாடகைக்குக் கிடைக்கிறது. இரண்டு டெலிப்ராம்ப்டர், இரண்டு கேமரா, ஒன்றின் படத்தை மற்றொன்றின் திரைக்கு அனுப்பக் கேபிள், இடம் வலம் மாறாமல் இருக்கப் படத்தைத் திருப்பிக் காட்டும் வசதி, அவ்வளவுதான். மாரிஸே 2017-ல் வந்த 'வார்ம்வுட்' தொடரில் இதை விட்டுவிட்டு, எதிரே உட்கார்ந்து பல கேமராக்களை வைத்து எடுத்தார்.

கடினமானது நேரம் வாங்குவது. நம் ஊர்ப் பிரமுகர் அரை மணி நேரம் தருவதாகச் சொல்வார். உதவியாளர் அதில் பத்து நிமிடத்தைக் கழிப்பார். கேள்விகளை முன்கூட்டியே அனுப்பச் சொல்வார்கள். பதவியில் இருப்பவரை விட்டுவிட்டு, பதவி போய்ப் பல ஆண்டுகள் ஆனவரிடம் போவது நல்லது. மக்நமாராவும் ரம்ஸ்ஃபெல்டும் அப்படிப்பட்ட நிலையில்தான் வந்து உட்கார்ந்தார்கள். ஒரே நாளில் முடிக்க வேண்டாம், இரண்டு மூன்று முறை வர ஒப்புக்கொள்ளச் செய்யுங்கள். முதல் நாள் பேச்சில் பெரும்பகுதியை அவர் சுயசரிதையிலேயே படித்துக்கொள்ளலாம். அவர் எழுதியதையும் சட்டமன்றத்தில் பேசியதையும் தேதியோடு கையில் வைத்திருங்கள். சண்டைக்காக அல்ல, தேவைப்பட்டால் அமைதியாகப் படித்துக் காட்டுவதற்காக. மெமரி கார்டு கூடுதலாக வாங்கிக்கொள்ளுங்கள். தனியாக ஓர் ஒலிப்பதிவுக் கருவியும் ஓடிக்கொண்டிருக்கட்டும்; டேவிட் ஹாரிஸ் பேசிய அன்று கேமரா ஓடவில்லை.